வலது மூலையில் ஒரு பெயர்

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு டோல் மேளம் விற்கும் கடைக்கார ஹாப்பி இரண்டு கிளாஸ் டீயோடு லக்வீர் சிங்கின் பட்டறைக்குள் நுழைந்தான். லக்வீர் ஓர் ஆம்ப்ளிஃபயரின் மூடியைக் கழற்றி வைத்துவிட்டு, உள்ளே ஈயம் பற்றவைத்துக்கொண்டிருந்தார். புகை கண்ணில் படாமலிருக்க முகத்தை ஒரு பக்கம் சாய்த்திருந்தார். தலைப்பாகையில் எப்போதும்போல ஒரு துண்டு ஒயர் ஒட்டிக்கொண்டிருந்தது. இளையவர்களுக்கெல்லாம் அவர் பாஜி, அண்ணன்.

"பாஜி, பாத்துட்டேன்! என்னா படம் பாஜி! கடைசியில அந்தப் பொண்ணு டிராக்டரை நடு வயல்ல நிறுத்திட்டு உக்காந்திருக்கா பாருங்க, எனக்கு அழுகையே வந்துடுச்சு. அப்ப வர்ற தூம்பிச் சத்தம் நம்ம பெட்டிச் சத்தம்தானே? எம் பொண்டாட்டிகிட்ட சொன்னேன். அவ நம்பவே மாட்டேங்கிறா."

லக்வீருக்கு முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. டீயை வாங்கி ஒரு வாய் குடித்த பிறகுதான் விஷயம் உறைத்தது.

"எங்கடா பாத்த? முதல் ஷோவே பதினொன்றரைக்குத்தானே?"

"போன்லதான். நேத்து ராத்திரியே வந்துடுச்சே. நம்ம கடைத்தெரு குரூப்புல போட்டிருக்காங்க. உங்களுக்கு வரலையா?"

லக்வீர் கிளாஸை மேசையில் வைத்தார். ஹாப்பி சொன்னதில் கெட்ட எண்ணம் எதுவுமில்லை. நல்ல செய்தி கொண்டுவந்தவனைப்போல நின்றான். அவனை என்னவென்று திட்டுவது?

ஜலந்தரின் அந்தச் சந்தில் இருபத்தாறு வருடமாக ஆம்ப்ளிஃபயர் செய்கிறார் லக்வீர். கல்யாணத்துக்கு ஒலிபெருக்கி கட்டுகிறவர்கள் கடையில் விற்கிற பெட்டியை வாங்கிக்கொள்வார்கள். தனக்கென்று ஒரு குரல் வேண்டும் என்று நினைக்கிற வாத்தியக்காரர்கள் மட்டும் இவரைத் தேடி வருவார்கள். அவர்கள் வாசிப்பதைக் கேட்டுவிட்டு, அதற்குத் தகுந்த, பழைய ரேடியோவில் இருப்பதுபோன்ற கண்ணாடி வால்வும் டிரான்ஸ்ஃபார்மரும் போட்டுப் பெட்டி செய்வார். இப்போதெல்லாம் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அலைய யாருக்கும் முடியவில்லை. அதனால் பெட்டிக்கு ஒரு மாடலும் எடுத்துத் தருவார். பெட்டிக்குள் பலவித ஒலிகளை அனுப்பி, அது ஒவ்வொன்றையும் எப்படி மாற்றி வெளியே தருகிறது என்று கணினிக்குக் கற்றுக்கொடுப்பார். பிறகு பெட்டி இல்லாமலே கணினி அந்தக் குரலில் பேசும்.

இந்தப் படத்துக்கு அப்படித்தான் அவர் வேலை செய்தார். இத்தாலிக்குப் போன கணவன் திரும்பாமல் போக, குத்தகை நிலத்தைத் தானே உழுது பயிரிடும் ஒரு பெண்ணின் கதை. பாட்டு இல்லை, கார் இல்லை, காமெடி இல்லை. கதையை எழுதி இயக்கிய நவ்ரீத்துக்கு முப்பத்தைந்து வயது. ஆறு வருடம் அந்தக் கதையைத் தூக்கிக்கொண்டு வாசல் வாசலாக ஏறியவள். ஒற்றைக் கம்பி வாத்தியமான தூம்பியின் ஒலி, படம் நெடுக லக்வீரின் பெட்டி வழியாகக் கரகரத்து வரும், கம்பளியால் முகத்தைத் துடைப்பதுபோல. படம் ஒருமாதிரி ஓடிவிட்டால் போதும், அடுத்த படத்துக்கு ஒலிப் பொறுப்பு முழுவதும் உங்களுக்குத்தான் என்று நவ்ரீத் சொல்லியிருந்தாள். நாற்பத்தெட்டு வயதில் லக்வீரின் காதில் விழுந்த மிகப் பெரிய வார்த்தை அது.

பதினொன்றரைக் காட்சிக்கு மனைவி கமலோடு போனார். உள்ளே பதினான்கு பேர் இருந்தார்கள். அவர்களில் ஐந்து பேர் நடித்தவர்களின் வீட்டார். படம் முடிந்ததும் நவ்ரீத் வாசலில் நின்று வெளியே வந்த எல்லோரிடமும் கைகூப்பினாள். ஆள் குறைவு என்பதால் அந்த வேலை சீக்கிரம் முடிந்துவிட்டது.

"சத்தம் நல்லா வந்திருக்கு பாஜி," என்றாள்.

"கூட்டம்தான்..."

"ஞாயித்துக்கிழமை வரைக்கும் பாக்குறேன்னு மேனேஜர் சொல்றாரு." போனை எடுத்து நீட்டினாள். "இங்க பாருங்க. மெல்போர்ன்ல ஒருத்தர் ரெண்டு தடவை பாத்தாராம். இத்தாலியில பால் பண்ணையில வேலை செய்யிற பசங்க பத்துப் பேரு சேந்து பாத்து அழுதாங்களாம். நேத்து ராத்திரிலேர்ந்து இப்படி நானூறு மெசேஜ் வந்திருக்கு. அந்த ஊர்ல எல்லாம் நாங்க படத்தை வெளியிடவே இல்ல பாஜி."

சொல்லிவிட்டுச் சிரித்தாள். தூக்கமில்லாத சிரிப்பு. எந்தத் திருட்டுத் தளத்தில் முதலில் வந்தது, யார் ஏற்றினார்கள் என்று அவளுடைய ஆட்கள் தேடிக்கொண்டிருந்தார்கள். ஒன்றை மூடினால் மூன்று திறந்தன.

*

ஞாயிற்றுக்கிழமை கடைத்தெரு சங்கம் லக்வீரைக் கௌரவிப்பதாக முடிவு செய்தது. சங்கத் தலைவர் பிரிதம் லால், ஒயர் கடைக்காரர், உரத்த குரலும் தாராளமான கையும் உள்ளவர். கல்யாணங்களுக்கு வாடகைக்கு விடும் பெரிய திரை ஒன்றைச் சந்தின் முனையில் நிறுத்திவிட்டார். ஜிலேபிக்கும் பக்கோடாவுக்கும் அடுப்பு மூட்டியாகிவிட்டது. மாலை ஆறு மணிக்கெல்லாம் கார்த்திகைக் குளிருக்குப் போர்வை போர்த்திக்கொண்டு, குடும்பம் குடும்பமாக இருநூறு பேர் வந்து உட்கார்ந்துவிட்டார்கள்.

"எதைப் போடப் போறீங்க?" என்று கேட்டார் லக்வீர், பதில் தெரிந்தே.

"என்னய்யா கேள்வி? உம் படத்தைத்தான். உன் பெட்டியில கேட்டாத்தானே உன் சத்தம்! போ, போய் உன் ஆம்ப்ளிஃபயரைக் கொண்டாந்து மாட்டு."

"பிரிதம்ஜி, படம் தியேட்டர்ல ஓடிட்டிருக்கு. ஆறே முக்காலுக்கு ஷோ இருக்கு. ரெண்டு கிலோமீட்டர்தான். எல்லாரும் அங்க போயிட்டா..."

"இந்தக் குளிர்ல குழந்தை குட்டியைக் கூட்டிக்கிட்டா? அதுவும் மால்ல பாப்கார்ன் விக்கிற விலையில?" பிரிதம் லால் அவர் தோளில் கை போட்டார். "அடே லக்வீரே, நீ என்ன இதைப் பத்திப் பேசுற? வெளிநாட்டுக்காரன் பெட்டியைப் பிரிச்சுப் பாத்துத்தானே நீ தொழிலே கத்துக்கிட்ட? உன் கம்ப்யூட்டர்ல மாடல் எடுக்குற புரோகிராம், அது மட்டும் காசு குடுத்து வாங்கினதா?"

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். லக்வீரும் சிரிக்கவேண்டியதாயிற்று. அந்த புரோகிராமை மூன்று வருடத்துக்கு முன்னால் லூதியானா நண்பர் ஒருவர் பூட்டை உடைத்து, பென் டிரைவில் போட்டுக் கொடுத்திருந்தார். பட்டறைக்குப் போய் ஆம்ப்ளிஃபயரைத் தூக்கிவந்து தன் கையாலேயே இணைத்தார். வால்வுகள் சூடாகிச் செம்மஞ்சளாக ஒளிர்ந்தன. படம் தொடங்கியது.

அவரை முன்வரிசையில் நடுவில் உட்காரவைத்திருந்தார்கள். திரையின் வலது மேல் மூலையில் சூதாட்டத் தளம் ஒன்றின் விளம்பரம் பட்டையாக ஒட்டிக்கொண்டிருந்தது. வயலில் பனி இறங்கும் காட்சியில் அது மட்டும் பளபளத்தது. அதைப் பார்க்காமல் காதை மட்டும் கொடுத்து உட்கார்ந்திருந்தார் லக்வீர். ஜனங்கள் நன்றாகத்தான் ரசித்தார்கள். சிரிக்கவேண்டிய இடத்தில் சிரித்தார்கள். மாமியார் பேசும்போது பெண்கள் முணுமுணுத்தார்கள். இவர்கள் இப்படியே தியேட்டரில் உட்கார்ந்திருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்று அவருக்குத் தோன்றியது.

நாற்பதாவது நிமிடத்தைத் தாண்டி, அந்தப் பெண் கிணற்று மோட்டாரைப் பழுதுபார்க்கும் காட்சி வந்தது. திடீரென்று விளம்பரப் பட்டை விலகியது. ஒட்டியவன் அந்த இடத்தில் சரியாக ஒட்டவில்லை போலும். அதன் அடியிலிருந்து வெளிறிய எழுத்துகள் தெரிந்தன. 'லக்வீர் சிங். ஒலிப் பணிக்கு மட்டும்.'

"பாஜி பேரு! பாஜி பேரு!" என்று ஹாப்பி எழுந்து கத்தினான்.

தெரு முழுக்கக் கைதட்டியது. பிள்ளைகள் விசிலடித்தார்கள். பிரிதம் லால் ஒரு ஜிலேபியைப் பிய்த்து லக்வீரின் வாயில் ஊட்டினார். நான்கைந்து வினாடியில் பட்டை மறுபடி வந்து எழுத்தை மூடிவிட்டது. லக்வீர் வாயிலிருந்த ஜிலேபியை விழுங்கத் தெரியாமல் உட்கார்ந்திருந்தார்.

அது படத்தில் அவருக்குக் கொடுத்த மரியாதை அல்ல. வேலைக்காக அவருக்கு அனுப்பிய பிரதியில், அது அவருடையது என்று அடையாளம் தெரிவதற்காக இட்ட குறி. வேறு யாருக்கும் கொடுக்கமாட்டேன் என்று அன்றைக்கு ஒரு தாளில் கையெழுத்தும் போட்டிருந்தார். ஒருவருக்குக் கொடுத்திருந்தார். கனடாவில், பிராம்ப்டனில் லாரி ஓட்டும் தம்பி சரண்ஜீத்துக்கு. பத்து வருடமாகப் போனில் 'இன்னும் அந்த வால்வையே கட்டிக்கிட்டு அழறியா வீரே?' என்று அண்ணனைக் கேலி செய்கிறவனுக்கு, பார், என் பெட்டி எங்கே போயிருக்கிறது பார் என்று காட்டத் தோன்றியது. இரண்டு மாதம் முன்னால், ஒரு மத்தியானம், ஒரே ஒரு தட்டல். அனுப்பியதையே மறந்திருந்தார்.

*

வீட்டுக்கு வந்ததும் தம்பியைக் கூப்பிட்டார். அங்கே அப்போது காலை பத்து மணி.

"வெளியில எங்கயும் போடல வீரே, சத்தியமா," என்றான் சரண்ஜீத். "படம் வரப்போகுதுன்னதும் நம்ம லாரிக்கார பசங்க குரூப்புல மட்டும்தான் போட்டேன். இருநூறு பேரு இருப்பாங்க. எங்கண்ணன் வேலைன்னு எல்லார்கிட்டயும் சொன்னேன். எவ்வளவு பெருமையா இருந்துச்சு தெரியுமா?"

"பெருமையா இருந்துச்சா?"

"பின்ன? ஒவ்வொருத்தனும் அவன் வீட்டுக்கு அனுப்பிச்சான். ஏன், படம் நல்லா போகுதுல்ல?"

லக்வீர் போனை வைத்துவிட்டார். கமல் ரொட்டி மாவைப் பிசைவதை நிறுத்திவிட்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தெருவே கைதட்டுச்சு, நீங்க மட்டும் பேயறைஞ்ச மாதிரி இருந்தீங்க. என்ன நடந்துச்சு?"

சொன்னார். அவள் மாவை மூடி வைத்துவிட்டுக் கையைக் கழுவினாள். பிறகு, "யாருக்கும் புரிஞ்ச மாதிரி தெரியல," என்றாள். "சும்மா இருந்துட்டா அடங்கிப் போயிடும். அந்தப் பொண்ணு மூஞ்சியைத்தான் நீங்க எப்படிப் பாப்பீங்கன்னு தெரியல."

திங்கட்கிழமை காலை நவ்ரீத்தின் வீட்டுக்குப் போனார். அவள் தரையில் உட்கார்ந்து கேமராப் பையை அடுக்கிக்கொண்டிருந்தாள். நகோதரில் ஒரு கல்யாணம், வீடியோ எடுக்கப் போகிறாள். தியேட்டரில் படத்தைத் தூக்கிவிட்டார்கள். ஐந்து ஊரில் திரையிட்டதில் ஐந்திலும் தூக்கியாகிவிட்டது.

லக்வீர் நின்றபடியே சொல்லி முடித்தார். அவள் தலையை நிமிர்த்தவில்லை. லென்ஸ் ஒன்றைத் துணியில் சுற்றினாள்.

"தெரியும் பாஜி. சனிக்கிழமையே எடிட்டர் பாத்துட்டான். நாப்பத்தோராவது நிமிஷம்."

"தெரிஞ்சுமா ஒரு வார்த்தை கேக்கல?"

"கேட்டு? புரொடியூசர் சோந்தி சாப்கிட்ட சொன்னா போலீசுக்குப் போவாரு. உங்க பட்டறைக்கு ஆள் வரும். படம் போச்சு, உங்க பட்டறையும் போகணுமா?" பையின் ஜிப்பை இழுத்தாள். அது பாதியில் சிக்கிக்கொண்டது. "கோவப்படணும்னுதான் பாக்குறேன். வரமாட்டேங்குது. அசதியா இருக்கு. ஆறு வருஷத்து அசதி."

லக்வீர் குனிந்து சிக்கிய ஜிப்பை விடுவித்துக் கொடுத்தார். அவருக்குச் செய்யத் தெரிந்தது அவ்வளவுதான். அவள் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பினாள். அவர் அங்கிருந்து நேராகத் தயாரிப்பாளரைப் பார்க்கப் போனார்.

சோந்திக்குக் கபூர்தலா சாலையில் அரிசி ஆலை. தவிடு மணக்கும் அறையில், படத்தின் சுவரொட்டிக் கட்டுகள் பிரிக்காமலே ஓரமாகக் கிடந்தன. லக்வீர் சொன்னதை எல்லாம் அந்தப் பெரியவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுக் கேட்டார்.

"ஏற்கெனவே புகார் குடுத்திருக்கேன், யாருன்னு தெரியாதுன்னு போட்டு," என்றார். "நீ போய் எழுதிக் குடு. உன்னைத் தூக்கில போடச் சொல்லமாட்டேன். எழுதிக் குடு, அவ்வளவுதான்."

"மன்னிச்சுடுங்க சாப். புடிச்சுப்போய்த்தான் அனுப்பினேன். கெட்ட எண்ணம்..."

"அதுதான் எனக்கும் விளங்கமாட்டேங்குது. வந்த மெசேஜெல்லாம் என் மருமகள் படிச்சுக் காட்டினா. திட்டி ஒருத்தன்கூட எழுதலை. படம் நல்லா இல்லைன்னு ஓடலைன்னா, சரி, அடுத்ததை நல்லா எடுப்போம்னு இருக்கலாம். எல்லாருக்கும் புடிச்சும் ஓடலைன்னா நான் என்னத்தைத் திருத்துறது?" கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "இனிமே எடுத்தா, பாடகன் ஒருத்தனைப் போட்டு, லண்டன்ல நாலு கார் ஓட்டவிட்டு எடுக்கணும். அது முதல் நாளே போட்டதை எடுத்துடும். இல்லேன்னா அரிசி அரைச்சுக்கிட்டு இருக்கலாம். அரிசியை எவனும் போன்ல இறக்க முடியாது பாரு."

நவ்ரீத்தின் இரண்டாவது படம் பற்றி லக்வீர் கேட்கவில்லை. கேட்கவேண்டிய அவசியமும் இல்லை.

காவல் நிலையத்தில் இன்ஸ்பெக்டர் வாக்குமூலத்தை எழுதிக்கொண்டார். கணினியைப் பரிசோதனைக்கு எடுத்துக்கொள்வோம், திரும்பி வர ஆறு மாதமும் ஆகலாம், அதற்கு மேலும் ஆகலாம் என்றார். அவருடைய எல்லாப் பெட்டிகளின் மாடல்களும் அதில்தான் இருந்தன. லக்வீர் சரி என்றார். கொஞ்சம் தயங்கிவிட்டு, "அதுல இருக்குற புரோகிராமும் காசு குடுத்து வாங்கினது இல்ல சார்," என்றார்.

இன்ஸ்பெக்டர் பேனாவை நிறுத்தினார். "இதை யாரு கேட்டா உன்னை?"

"யாரும் கேக்கல."

"இதுக்கெல்லாம் எழுத ஆரம்பிச்சா, முதல்ல இந்த ஸ்டேஷன் கம்ப்யூட்டரைத்தான் தூக்கிட்டுப் போகணும். போய்யா."

*

மறு வாரம் சங்கக் கூட்டம். பிரிதம் லால் மஞ்சள் பட்டுத் துண்டோடு காத்திருந்தார். அன்றைக்கு அவசரத்தில் போர்த்த மறந்துவிட்டதாம், இன்றைக்கு முறையாகப் போர்த்தப்போகிறாராம். லக்வீர் துண்டை வாங்கி மடித்து அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்தார்.

"நீங்க கைதட்டின அந்தப் பேரு என்னன்னு யாருக்காவது தெரியுமா?" என்று கேட்டார். கடைக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அவர் சொன்னார். தம்பிக்கு அனுப்பியதை, இருநூறு லாரிக்காரர்களை, நகோதருக்குக் கல்யாண வீடியோ எடுக்கப் போன பெண்ணை, ஆலையில் பிரிக்காமல் கிடக்கும் சுவரொட்டியை, எல்லாவற்றையும் சொன்னார். குரலை உயர்த்தவில்லை. உயர்த்த அவரிடம் குரலும் இல்லை.

பிரிதம் லால் தொண்டையைச் செருமினார். அவர் கல்நெஞ்சக்காரர் அல்ல.

"சரிய்யா, தெரியாம நடந்துபோச்சு. சரிக்கட்டிடுவோம். நாளைக்கே கடைத்தெரு மொத்தமும் கடையைச் சாத்திட்டுப் போவோம். ரெண்டு ஷோ ஃபுல் பண்ணிடலாம். டிக்கெட் எல்லாம் என் செலவு. எந்தத் தியேட்டர்ல ஓடுது சொல்லு."

"எங்கயும் ஓடல பிரிதம்ஜி."

"எங்கயுமா?"

"எங்கயும். போன திங்கக்கிழமையே எடுத்துட்டாங்க. அடுத்த படம் வந்தா பாக்கலாம்னு சொல்லுவீங்க. அடுத்ததும் இல்ல." லக்வீர் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார். "அந்தப் படத்தை வெறுத்தவன் யாரும் அதைக் கொல்லல. நான் கொன்னேன், எந்தம்பி கொன்னான், நீங்க கொன்னீங்க. எல்லாரும் ரொம்ப ஆசையாத்தான் செஞ்சோம். ஒருத்தர் உழைப்பு புடிச்சிருந்தா அதுக்கு உண்டானதைக் குடுத்துட்டுப் பாக்கணும். இல்லேன்னா பாக்காமலாவது இருக்கணும். ஓசியில பாத்துட்டு ஆஹா ஓஹோன்னு சொல்றது பாராட்டுன்னு இத்தனை நாளா நெனச்சிட்டிருந்தேன். அது திருட்டுதான். அதை எனக்கு நானே சொல்லிக்க ஒரு படமே போகவேண்டியிருந்துச்சு."